தீர்ப்பு வந்தாச்சு, ஏரி எங்கே?



அம்பத்தூர் ஏரி நிரம்பினால் கொரட்டூர் ஏரிக்குத் தண்ணீர், அங்கிருந்து ரெட்டேரிக்கு. அந்த ஆயக்கட்டில் நெல் விளைந்தது. 1964-ல் தொழிற்பேட்டை வந்தது, வயல் போனது. பிறகு ஏரிக்குள்ளேயே வீடுகளும் சாக்கடையும். ஆவடி, பூந்தமல்லி தாண்டி நம்ம ஊர் ஏரிக்கும் இதே கதி வரணுமா?

கோர்ட் சும்மா இருக்கவில்லை. நீர்நிலை ஆக்கிரமிப்பை அகற்றச் சொல்லி சென்னை உயர்நீதிமன்றம் 2005-லேயே தீர்ப்பு சொல்லியாச்சு. 2007-ல் ஏரிகள் பாதுகாப்புச் சட்டமும் வந்தது. (குடிசை போட்ட ஏழை மேல் எங்களுக்குக் கோபமில்லை. ஏரியை மனையாக்கி விற்றவன் மேல்தான் கோபம்.) ஆனால் உத்தரவை எடுத்துக்கிட்டு ஆபீஸுக்குப் போனால் என்ன சொல்றாங்க? "சர்வே ஆகலை", "அய்யா மாறிட்டாரு", "அப்பீல் போட்டிருக்கோம்." அப்பீல் போட்டால் மட்டும் போதாது, தடை உத்தரவு வாங்கணும். அதுவரை பழைய உத்தரவு உயிரோடுதான் இருக்கிறது!

வேண்டுமென்றே கோர்ட் உத்தரவை மீறினால் அது உரிமையியல் அவமதிப்பு. 1971-ம் ஆண்டுச் சட்டப்படி 6 மாதம் வரை ஜெயில், 2,000 ரூபாய் வரை அபராதம். மகாராஷ்டிர மந்திரி ஒருவரையே 2006-ல் உச்சநீதிமன்றம் ஒரு மாதம் உள்ளே அனுப்பியது. ஆனால் அப்படி நடப்பது அபூர்வம். கோர்ட் ஏற்கிற மாதிரி மன்னிப்புக் கேட்டால் தண்டனையில்லாமல் வெளியே வந்துவிடலாம். 2002-ல் காவிரித் தண்ணீரை விடாத கர்நாடக முதல்வர் எஸ்.எம். கிருஷ்ணாவும் மன்னிப்புத்தான் கேட்டார். 2018-ல் மத்திய அரசுக்கு ஆறு வாரம் கெடு கொடுத்தது உச்சநீதிமன்றம். கெடு முடிந்து, தமிழ்நாடு அவமதிப்பு வழக்குப் போட்டு, ஜூன் 1-ல்தான் ஆணையம் அரசிதழில் ஏறியது. மாநில அரசுக்கே இந்தப் பாடு என்றால் மூணு ஏக்கர்க்காரன் கதி?

இதைவிடப் பெரிய கண்ணி ஒன்று உண்டு, எங்கள் சங்கமே அதில் மாட்டியது. "மனுவை எட்டு வாரத்தில் பரிசீலிக்கவும்" என்று உத்தரவு வாங்கி ஊரில் இனிப்பு கொடுத்தோம். அதிகாரி பரிசீலித்தார், ஒரே வரியில் நிராகரித்தார். உத்தரவை நிறைவேற்றியாச்சாம்! அவமதிப்பு வழக்கு நிற்காது என்று வக்கீல் கையை விரித்தார். மறுபடி முதலிலிருந்து வழக்கு. அதனால் "பரிசீலி" என்று வாங்காதீர்கள், "இத்தனை நாளுக்குள் அகற்று" என்று கேளுங்கள்.

இன்னொன்று. மீறல் நடந்து ஒரு வருஷத்துக்குள் வழக்குப் போடணும், தாண்டினால் போச்சு. "பொறுங்க, அடுத்த மாசம்" என்று இழுப்பது சும்மா இல்லை! அத்தாட்சி நகலை விரைவுத் தபாலில் அனுப்புங்கள், போய்ச் சேர்ந்ததற்கான சான்றைப் பத்திரமாக வையுங்கள்.

உத்தரவு போட்ட கோர்ட்டே கெடு வைத்து, நிறைவேற்றிய அறிக்கையைக் கேட்டு வாங்கட்டும். அபராதத்தை அதிகாரியின் சொந்தச் சம்பளத்தில் பிடிக்கட்டும். இதுதான் நம் கோரிக்கை.

வர்ற திங்கட்கிழமை மனு நாள். திருவள்ளூர் கலெக்டர் ஆபீஸ் வாசலில் கூடுவோம். வீட்டுக்கு ஒருத்தர், உத்தரவு நகலோடு வாங்க!