இங்கிலீஷ் மீடியமும் ஆனைக்கொம்பனும்

ஜூன் மாதம் வந்தால் எங்கள் ஊர் டீக்கடையில் இரண்டு பேச்சுதான். மேட்டூரில் எத்தனை அடி தண்ணி கிடக்கு? பிள்ளையை எந்தப் பள்ளிக்கூடத்துல போட்டிருக்கே? முதல் பேச்சில் ஆளுக்கொரு கணக்கு சொல்லுவான், சண்டைகூட வரும். இரண்டாவதில் சண்டையே கிடையாது. எல்லாருக்கும் ஒரே பதில்: "இங்கிலீஷ் மீடியம்தாங்க."

காலையில் ஏழரைக்கெல்லாம் மஞ்சள் வேன் வந்துடும். யூகேஜி பிள்ளை தூக்கக் கலக்கத்தில் டையைக் கடித்துக்கொண்டே ஏறும். அந்த வேனுக்கும் பள்ளிக்கும் கட்டுகிற பணம் எங்கிருந்து வருகிறது என்று எனக்குத் தெரியும். நடவுக் கூலி, நூறு நாள் வேலை, கூட்டுறவு வங்கியில் வைத்த தோடு. பெற்றவர்களைக் குறை சொல்ல இதை எழுதவில்லை. ஆனால் ஒன்று கேட்கணும். விதைநெல் வாங்கப் போனால் மூட்டையைப் பிரித்து, கையில் அள்ளி, ஊதிப் பார்த்து, ரெண்டு மணியைக் கடித்துப் பார்த்துத்தானே வாங்குகிறோம்? இந்த மூட்டையை மட்டும் ஏன் யாரும் பிரித்துப் பார்ப்பதில்லை?

பிரிப்போம். தமிழ்நாட்டில் 2010இல் சமச்சீர் கல்விச் சட்டம் வந்தது. 2011இல் உச்ச நீதிமன்றம் வரை போய் எல்லா வகுப்புக்கும் நடைமுறைக்கு வந்தது. அன்றைக்கிலிருந்து மெட்ரிக் பள்ளிக்கும் நம்ம ஊர் அரசுப் பள்ளிக்கும் ஒரே பாடத்திட்டம். படம் அதே படம், பயிற்சிக் கேள்வி அதே கேள்வி. பக்கத்து வீட்டுப் பிள்ளையின் அறிவியல் புத்தகத்தையும் அரசுப் பள்ளிப் பிள்ளையின் புத்தகத்தையும் திண்ணையில் அருகருகே வைத்துப் பாருங்கள், தெரிந்துவிடும். ஆக, நீங்கள் கட்டுகிற பணம் பாடத்துக்கு இல்லை. அதே பாடத்தைப் பிள்ளைக்குப் புரியாத மொழியில் கொடுப்பதற்கு. மத்திய பாடத்திட்டப் பள்ளிகள் கதை வேறு. எங்கள் பக்கத்து வேன்கள் முக்கால்வாசி போவது மெட்ரிக் பள்ளிகளுக்குத்தான்.

அரசாங்கமும் சளைக்கவில்லை. 2012-13இல் அரசுப் பள்ளியிலேயே ஆங்கில வழிப் பிரிவைத் திறந்தார்கள். கேட்க நல்லாத்தான் இருக்கு. இரண்டே ஆசிரியர்கள் இருக்கிற தொடக்கப் பள்ளியில் நடப்பது என்ன? அதே டீச்சர், அதே அறை, இந்தப் பக்கம் தமிழ்வழி, அந்தப் பக்கம் ஆங்கில வழி. ஆங்கிலத்தில் ஒரு வரி வாசித்துவிட்டு அதற்குத் தமிழில்தான் அர்த்தம் சொல்கிறார். சொல்லாமல் எப்படி நடத்துவார், பாவம்! பாடத்தைத் தமிழில் கேட்டுவிட்டுப் பரீட்சையை மட்டும் ஆங்கிலத்தில் எழுது என்றால் பிள்ளை என்ன செய்யும்? மனப்பாடம் செய்யும். வேற வழி?

ஒரே ஒரு பாடத்தை எடுத்துக்கொள்வோம். விதை. எங்கள் ஊர்ப் பிள்ளை ஒவ்வொன்றும் உளுந்தை ஊறவைத்து, தோல் கழன்று இரண்டாகப் பிரிவதைப் பார்த்திருக்கிறது. நெல் அப்படிப் பிரியாது என்றும் அதற்குத் தெரியும். 'இருவித்திலை, ஒருவித்திலை' என்று தமிழில் சொன்னால் சொல்லுக்குள்ளேயே பாடம் இருக்கு. 'டைகாட்டிலிடன்' என்று சொன்னால் எழுத்துக்கூட்டத்தான் இருக்கு. ஒளிச்சேர்க்கை என்றால் ஒளியை வைத்து எதையோ சேர்க்கிறது என்று ஆறாம் வகுப்புப் பிள்ளை யூகித்துவிடும். 'போட்டோசிந்தசிஸ்' என்ற சொல்லில் யூகிக்க ஒன்றுமில்லை, ஸ்பெல்லிங் தப்பானால் மார்க் போகும், அவ்வளவுதான். அந்தச் சொல்லையும் ஒருநாள் கற்கணும், மறுக்கவில்லை. புரிந்த பிறகு கற்றால் அது ஒரு நாள் வேலை. புரியாமல் கற்றால் வருஷம் பூரா சுமை.

நம்ம ஆட்கள் வைத்த பேரைப் பாருங்கள். ஆனைக்கொம்பன் என்று ஒரு ஈ. அதன் புழு நெல்லின் குருத்துக்குள் இருந்து தின்றால், அந்தத் தூர் கதிர் விடாமல் வெளுத்துப்போய், உள்ளே பொந்தான குழாயாக யானைத் தந்தம் மாதிரி நீளும். பேரைக் கேட்டவன் வயலில் இறங்கினால் தானே கண்டுபிடிப்பான். புகையான் என்று ஒன்று. தண்டின் அடியில், தண்ணிமட்டத்துக்குக் கொஞ்சம் மேலே கூட்டமாக உட்கார்ந்து சாறு உறிஞ்சும். வயல் வட்டவட்டமாகப் புகைந்து கருகின மாதிரி ஆகிவிடும். அதனால்தான் புகையான். இலைச்சுருட்டுப்புழுவுக்கு விளக்கமே வேண்டாம். இந்தப் பேரை வைத்தவர்கள் கல்லூரிக்குப் போனவர்கள் இல்லை. கண்ணால் பார்த்ததைச் சொல்லில் கட்டி அடுத்த தலைமுறைக்குக் கொடுத்தார்கள். வேளாண்மைத் துறையும் இன்றைக்கு வரை அதே பேரைத்தான் அச்சடிக்கிறது. ஒன்பதாம் வகுப்பு 'மீடியம்' பையனிடம் புகையானைக் கேளுங்கள், முழிப்பான். அவங்க அப்பா குறுவை ஒன்று அதில்தான் போயிருக்கும்.

போன சம்பாவில் நடந்ததைச் சொல்றேன். மருந்தடிக்க வந்தவர் என்னிடம் கேட்ட முதல் கேள்வி, "அண்ணே, டேங்குக்கு எத்தனை மூடி?" எங்கள் பக்கம் எல்லாமே மூடிக் கணக்குதான். டப்பாவைப் படிக்கலாம் என்று, ஆங்கில வழியில் படிக்கிற அவர் மகனையே கூப்பிட்டேன். பையன் தடங்கல் இல்லாமல் வாசித்தான், உச்சரிப்பு பிரமாதம். அப்பா முகத்தில் அப்படி ஒரு பெருமை. "சரி தம்பி, என்ன சொல்லியிருக்கு?" என்றேன். "அதாங்க மாமா, வாசிச்சேன்ல?" என்றான்.

ஹெக்டேருக்கு 500 மில்லி என்று போட்டிருந்தது. ஒரு ஹெக்டேர் ஏறக்குறைய இரண்டரை ஏக்கர். அப்படியானால் ஏக்கருக்குச் சுமார் 200 மில்லி. எங்கள் கணக்கில் மூன்று மா ஒரு ஏக்கர், ஆக மாவுக்கு 67 மில்லி. இவ்வளவுதான் கணக்கு, ஆறாம் வகுப்புப் பாடம். பையனுக்குப் பின்னமும் தெரியும், விகிதமும் தெரியும். அது பரீட்சைத் தாளில் வருகிற கணக்கு. மா என்பதும் குழி என்பதும் அவன் படிப்புக்குள் எங்கேயும் இல்லை. டப்பாவில் இருந்த முக்கோணம் மஞ்சள். சிவப்புக்கு அடுத்தபடியான கடும் விஷம். அதற்குக் கீழே நீலம், கடைசியில் பச்சை. பச்சை என்றாலும் விஷம்தான், வீரியம் குறைவு, அவ்வளவே. இந்த நாலு நிறத்தை அவனுக்கு யாரும் சொல்லித் தந்ததில்லை. அவங்க அப்பா வாயில் துணிகூடக் கட்டாமல் காற்றுக்கு எதிரே நின்று அடிக்கிறார். 1971ஆம் வருஷத்துப் பூச்சிக்கொல்லி விதிகளின்படி டப்பாவோடு வருகிற துண்டுச்சீட்டு வட்டார மொழியிலும் இருக்கணும். இருக்கிறது. எறும்பு ஊர்ந்த மாதிரி எழுத்தில், மடித்து மடித்து. அதில் இருக்கிற தமிழ் தமிழ்வாத்தியாருக்கே புரிந்தால் ஆச்சரியம்.

இங்கேதான் தமிழ், தமிழ் என்று மேடையில் முழங்குகிறவர்கள் பக்கமும் திரும்ப வேண்டியிருக்கு. 'அண்டை வெட்டினார்கள்' என்று கட்டுரையில் எழுதிய பிள்ளைக்குச் சிவப்பு மையில் சுழித்து, 'வரப்பைச் சீர்செய்தனர்' என்று திருத்திக் கொடுத்த ஒரு நோட்டை நான் பார்த்தேன். அண்டை வெட்டுவது தனி வேலைங்க. புல்லோடு சேர்த்து வரப்பின் ஓரத்தைச் செதுக்கி, சேற்றை வைத்து அணைப்பது. நண்டு வளையும் எலி வளையும் அடைபடும், தண்ணி கசியாது. அந்த ஒரு சொல்லைச் சுழித்தபோது அவன் அப்பாவின் தொழிலையும் சேர்த்துச் சுழித்தாயிற்று. வீட்டில் பேசுவது கொச்சை, பள்ளியில் எழுதுவது தமிழ் என்று பிரித்துவைத்தால், அந்தப் பிள்ளைக்குத் தமிழும் ஒரு இங்கிலீஷ் மாதிரிதான். தமிழ்வழியில் படித்தும் வாய் திறக்காத பிள்ளைகள் இருப்பதற்குக் காரணம் தேடி ரொம்ப தூரம் போக வேண்டாம். முழங்குகிறவர்கள் வீட்டுப் பிள்ளைகள் எங்கே படிக்கிறார்கள் என்பது ஊருக்கே தெரியும், அதை விடுங்கள்.

எனக்கு எதிராக ஒரு வாதம் இருக்கு. அதுதான் கனமான வாதம். தெற்குத் தெருவில் ஒரு பெரியவர் என் முகத்துக்கு நேரே சொன்னது: "தம்பி, உங்க தமிழ் என்னை இன்னைக்கும் வாடா போடான்னுதான் கூப்பிடுது. எம் பேரனை அது கூப்பிடக் கூடாதுன்னுதான் இங்கிலீஷ் படிக்க வைக்கிறேன்." அவருக்கு எழுபது வயசு இருக்கும். அவரை 'டேய்' என்று கூப்பிடுகிற இருபது வயசுப் பையன்களை நானே பார்த்திருக்கிறேன். நீ, நீங்க, அவன், அவர் என்று தமிழில் வைத்திருக்கிற படிக்கட்டில் யார் எங்கே நிற்கணும் என்று ஊர் முடிவு செய்துவிட்டது. இங்கிலீஷில் 'யூ' ஒன்றுதான். தமிழ்வழிக் கல்வி பேசுகிறவர்கள் இந்தக் கேள்வியை எடுக்காமல் தாண்டிப் போகிறார்கள். தாண்டக் கூடாது. அந்தப் பெரியவர் கேட்பது மரியாதை. அது நியாயம்.

ஆனால் அவர் பேரனுக்கு வேனில் ஏற்றிக் கொடுக்கிற சரக்கு அந்த மரியாதையை வாங்கித் தருமா? நகரத்துக் கல்லூரியில் முதல் நாள் எழுந்து பேசச் சொல்லும்போது, வீட்டிலேயே இங்கிலீஷ் புழங்குகிற பிள்ளைகள் முன்னால் இவன் குனிந்துகொள்வான். பன்னிரண்டு வருஷம் 'மீடியம்' படித்தும் நாலு வாக்கியம் சேர்த்துப் பேச வராது, ஏனென்றால் அவனுக்கு யாரும் இங்கிலீஷைக் கற்றுத் தரவில்லை. இங்கிலீஷில் வேறு பாடங்களை மனப்பாடம் செய்ய வைத்தார்கள். மொழியைக் கற்பது ஒரு வேலை, பாடத்தைக் கற்பது வேறு வேலை. ஒன்றாம் வகுப்பிலிருந்து இங்கிலீஷை ஒரு பாடமாக, தினம் ஒரு மணி நேரம், பேசத் தெரிந்த ஆசிரியரை வைத்துச் சொல்லிக்கொடு என்று அந்தப் பெரியவரோடு சேர்ந்து கேட்க நான் தயார். தெற்குத் தெருப் பிள்ளை அதைக் கேட்க முழு உரிமை உண்டு. அறிவியலையும் கணக்கையும் அதற்கு அடகு வைக்கச் சொல்வதைத்தான் எதிர்க்கிறேன். 'டேய்' போடுகிற வாயைத் திருத்துவது ஊர்க்காரனாகிய எங்கள் வேலை. அதை அந்தப் பிள்ளையின் படிப்புச் செலவில் தள்ளிவிட்டு நாங்கள் சும்மா இருக்கிறோம்.

வேலைக்கு என்ன வழி என்பீர்கள். தமிழ்வழியில் படித்தவர்களுக்கு மாநில அரசு வேலையில் 20 சதவீத முன்னுரிமை என்று 2010இல் சட்டம் இருக்கு. 2020இல் அதைத் திருத்தி, பட்டம் கேட்கிற வேலை என்றால் பத்தாவது, பன்னிரண்டாவது, பட்டம் எல்லாமே தமிழ்வழியில் படித்திருக்கணும் என்று இறுக்கினார்கள். வேனில் ஏற்றும்போது இதை யாராவது சொன்னார்களா? நகையை வைத்து அந்த வாசலைத் தானே பூட்டிக்கொண்ட குடும்பங்கள் எங்கள் பஞ்சாயத்திலேயே இருக்கு. அதேசமயம் 20 சதவீதத்தைக் காட்டி எல்லாம் சரி என்றும் சொல்ல மாட்டேன். தனியார் கம்பெனி வாசலில் அந்தச் சான்றிதழுக்கு மதிப்பில்லை. அண்ணா பல்கலைக்கழகத்தில் 2010இல் சிவிலும் மெக்கானிக்கலும் தமிழ்வழியில் ஆரம்பித்தார்கள். பாடப் புத்தகம், ஆசிரியர், படித்தபின் வேலை என்று பின்னாலேயே வரவேண்டியதைக் கொண்டுவராமல் வகுப்பை மட்டும் திறந்தால், நாற்று விட்டுவிட்டுத் தண்ணி விடாத கதைதான்.

தமிழில் முடியாது என்கிற பேச்சை மட்டும் என்னிடம் சொல்லாதீர்கள். 1847இல் யாழ்ப்பாணம் வந்த சாமுவேல் கிரீன் என்கிற அமெரிக்க மருத்துவர், மானிப்பாயில் மேல்நாட்டு மருத்துவத்தைத் தமிழிலேயே சொல்லிக்கொடுத்தார். உடற்கூறு, ரண வைத்தியம், வேதியியல் என்று புத்தகங்களைத் தமிழில் கொண்டுவந்தார். மாணவர்களும் கூட இருந்து உழைத்தார்கள். முதலில் அவரும் இங்கிலீஷில்தான் நடத்தினார். பிறகுதான் தமிழுக்கு மாற்றினார், இங்கிலீஷ் படித்தவர்கள் பட்டணத்து வேலைக்குப் போய்விடுவார்கள், தமிழில் படித்தவர்கள் ஊரோடு இருந்து வைத்தியம் பார்ப்பார்கள் என்று. கரண்டு இல்லாத, கம்ப்யூட்டர் இல்லாத காலம். வந்தது வேறு தேசத்து ஆள்.

எங்கள் பள்ளி மேலாண்மைக் குழுக் கூட்டம் அடுத்த மாதம். நான் மூன்று விஷயம் வைக்கப்போகிறேன். ஐந்தாம் வகுப்பு வரை எல்லாப் பிள்ளைக்கும் பாடம் தமிழில், இங்கிலீஷுக்குத் தனியாகப் பேச்சு வகுப்பு. அதற்கு ஆள் இல்லையென்றால் ஊர்ப் பொதுப்பணத்திலிருந்து ஒருவரை வைக்கலாம். கோயில் கச்சேரிக்குக் கொடுக்கிறதில் பாதி போதும். அடுத்தது, மருந்து டப்பாத் துண்டுச்சீட்டு, மண்வள அட்டை, பயிர்க் காப்பீட்டு ரசீது, இந்த மூன்றையும் எட்டாம் வகுப்புப் பிள்ளைகளிடம் கொடுத்து, வீட்டுக்கு விளக்கிச் சொல்லும்படி பழக்கணும். மூன்றாவது, வகுப்பில் எந்தத் தெருப் பிள்ளையையும் 'டேய்' போட்டுக் கூப்பிடக் கூடாது, வாத்தியார் உள்பட. முதல் இரண்டுக்கும் கை தூக்குவார்கள். மூன்றாவதுக்கு யார் தூக்குகிறார்கள் என்று பார்க்கணும்.