எடின்பரோவின் இருண்ட வீதிகளிலே

ஸ்கொத்லாந்தின் தலைநகராகிய எடின்பரோ நம்மவர்க்கு முற்றும் அந்நியமான ஊரன்று. நம் நாட்டு மூத்த வைத்தியர் பலரின் பெயர்ப்பலகைகளிலே, பட்டங்களை அடுத்து ‘எடின்’ என்னும் எழுத்துக்கள் பொறிக்கப்பட்டிருப்பதை வாசகர்கள் கண்டிருப்பார்கள். வைத்தியக் கல்வியில் உலகப் புகழ் ஈட்டிய அந்நகரிலே பயின்றும், அங்குள்ள கல்லூரிகளின் பரீட்சைகளிற் சித்தியெய்தியும் பெற்ற பட்டங்கள் அவை. அந்நகரைக் காணச் செல்வோர் குன்றின்மேல் நிற்கும் கோட்டையையும், அரச மாளிகையையும், பூங்காக்களையும் கண்டு களித்துத் திரும்புவது வழக்கம். அவற்றைப் பற்றி எழுதியோர் பலர். இவ்வாரம் அந்நகரின் மற்றொரு முகத்தைக் காணப் புறப்படுவோம்.

இதற்கு வழிகாட்டி எவரும் வேண்டியதில்லை. மாலை வேளைகளிலே கரிய மேலங்கி தரித்த சிலர் வீதியோரத்தில் நின்று, பேய்க்கதை கூறி, காசு பெற்றுக்கொண்டு கூட்டங் கூட்டமாக மக்களை அழைத்துச் செல்வர். இருட்டு மூலையிலிருந்து ஒருவன் திடீரெனப் பாய்ந்து கூச்சலிட, வந்தவர்கள் அலறிப் பின் சிரிப்பர். அது ஒரு பொழுதுபோக்கு. ஆனால் அங்கு மெய்யாக நடந்தவையோ பேய்க்கதைகளினும் கொடியவை. ஒரு வரைபடத்தைக் கையிற் கொண்டு, மழைக்கு ஓர் அங்கியும் வழுக்காத பாதரட்சையும் அணிந்து, காலையிலே தனித்தோ, நண்பர் ஒருவருடனோ நடப்பதே சிறந்தது. நிற்க வேண்டிய இடத்தில் விரும்பிய அளவு நிற்கலாம். முழுத் தூரமும் இரண்டு மைலுக்கு உட்பட்டதே. ஆயினும் ஏற்றமும் இறக்கமும் மிகுந்த, கல் பாவிய வீதிகளாதலால் அரை நாளை ஒதுக்கிக்கொள்ளுதல் நலம்.

கோட்டை முன்றிலின் வாயிலருகே, ஒரு சுவரிற் பதித்த சிறிய உலோக நீரூற்று ஒன்று உண்டு. கோட்டையை நோக்கி விரைவோரிற் பெரும்பாலோர் அதனைக் காணாமலே கடந்துவிடுவர். ‘சூனியக்காரிகளின் கிணறு’ என்பது அதன் பெயர். அவ்விடத்துக்கு அண்மையிலேதான் சூனியம் செய்தார்கள் என்று குற்றஞ்சாட்டப்பட்ட பெண்கள் எரிக்கப்பட்டனர். 1563ஆம் ஆண்டில் இயற்றப்பட்டு 1736ஆம் ஆண்டுவரை நடைமுறையிலிருந்த சட்டத்தின் கீழ், ஸ்கொத்லாந்து முழுவதிலும் ஏறக்குறைய 3,800 பேர் இக்குற்றஞ் சாட்டப்பட்டனர் என ஆராய்ச்சியாளர் கணக்கிட்டுள்ளனர். அவர்களுட் பெரும்பாலோர் பெண்கள். கழுத்தை நெரித்துக் கொன்று பின்னர் உடலை எரிப்பது அந்நாட்டு வழக்கம்.

அவர்களுள் ஒருத்தி அக்னஸ் சாம்ப்சன். ஊராருக்கு மருந்து கொடுத்தும் பிரசவம் பார்த்தும் வாழ்ந்த பெண். மன்னன் ஆறாம் ஜேம்ஸ் டென்மார்க்கிலிருந்து தன் புது மனைவியுடன் திரும்புகையிற் கடலிலே புயல் எழுந்தது. அப்புயலைச் சூனியத்தால் எழுப்பினார்கள் என்று பலர் பிடிக்கப்பட்டனர். அக்னஸை மன்னனே நேரில் விசாரித்தான். சித்திரவதையின் பின் அவள் ‘ஒப்புக்கொண்டாள்’. 1591ஆம் ஆண்டு சனவரியிலே இக்குன்றின்மீது அவள் முடிவு நிகழ்ந்தது.

நீரூற்றை 1894ஆம் ஆண்டில் ஜோன் டங்கன் என்னும் ஓவியர் வடிவமைத்தார். அதன் பலகையிலுள்ள வாசகத்தைப் பொறுமையுடன் வாசித்துப் பாருங்கள். தம் அறிவைத் தீமைக்குப் பயன்படுத்தியவர் சிலர் என்றும், நன்மையே நாடியும் தவறாக விளங்கிக்கொள்ளப்பட்டவர் வேறு சிலர் என்றும் அது சொல்லுகிறது. எரித்து முந்நூறு ஆண்டு கழிந்த பின்னும் பழியிற் பாதியை அவர்கள் தலையிலேயே வைத்துவிட்டுப் போயிருக்கிறார்கள்! முழுமனதான மன்னிப்பு வந்தது 2022ஆம் ஆண்டு மார்ச் 8ஆம் தேதி. அனைத்துலகப் பெண்கள் தினமாகிய அன்று, அப்போது முதலமைச்சராக இருந்த நிக்கொலா ஸ்டேர்ஜன் பாராளுமன்றத்திலே அதனைக் கூறினார்.

குன்றிலிருந்து சற்று இறங்கினால் சென் ஜைல்ஸ் தேவாலயம். அதன் பக்கத்திலே, நடைபாதைக் கற்களுள் இதய வடிவில் ஓர் அடையாளம் பதித்திருக்கிறது. பழைய டோல்பூத் சிறைச்சாலையின் வாயில் அவ்விடத்தில் இருந்தது. சிறை 1817இல் இடிக்கப்பட்டது. உள்ளூரவர் சிலர் அந்த இதயத்தின்மேல் துப்பிவிட்டுப் போவதைக் காணலாம். முகஞ்சுளிக்க வேண்டாம், அச்சிறையை மக்கள் வெறுத்த வெறுப்பின் எச்சம் அது. தண்டனை பெற்றோரை அங்கிருந்து வளைந்திறங்கும் வெஸ்ட் போ என்னும் தெரு வழியாகக் கிராஸ்மார்க்கெட் சதுக்கத்துக்கு நடத்திச் செல்வர். நாமும் அவ்வழியே இறங்குவோம். இன்று அதன் மேற்பகுதி விக்டோரியா வீதி எனப்படுகிறது. வண்ணந் தீட்டிய கடைகள் நிறைந்து மிக அழகாயிருக்கும்.

கிராஸ்மார்க்கெட் 1784 வரை நகரின் தூக்குமேடையாக விளங்கியது. அங்கு தூக்கிலிடப்பட்டு, வண்டியிற் கொண்டுபோகப்படுகையில் உயிர் மீண்டெழுந்து, பின்னும் பல்லாண்டு வாழ்ந்த மகி டிக்சன் என்பவளின் பெயரால் ஒரு மதுச்சாலை உண்டு. அக்கதையை யாரும் சொல்லுவர். 1736ஆம் ஆண்டுக் கதையோ சிந்தனைக்குரியது. அவ்வாண்டு ஏப்ரலிலே வில்சன் என்னும் கள்ளக்கடத்தற்காரனைத் தூக்கிலிட்டபோது கூட்டம் கல்லெறிந்தது. நகர்க்காவற் படைத்தலைவன் ஜோன் போர்ட்டியஸின் ஆட்கள் கூட்டத்தின்மீது சுட்டனர்; பலர் மாண்டனர். போர்ட்டியஸுக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டது. ஆனால் அரசி கரோலின் தண்டனையை நிறுத்திவைத்தார். செப்டெம்பர் 7ஆம் தேதி இரவு மக்கள் திரண்டு வந்து, டோல்பூத் சிறையின் கதவுக்குத் தீவைத்து, அவனை இழுத்துச் சென்று, சாயக்காரனின் கம்பமொன்றிலே தொங்கவிட்டனர். வழியில் ஒரு கடையிற் கயிற்றை எடுத்தவர்கள், அதற்கு விலையாக ஒரு பொற்காசை வைத்துவிட்டுச் சென்றார்களாம். நீதி தவறியதென்று கொதித்தவர்கள் கயிற்றுக் கணக்கிலே நேர்மையாக இருந்திருக்கிறார்கள். அக்கொலைக்காக எவரும் தண்டிக்கப்படவில்லை.

சதுக்கத்தின் மேற்கு மூலையிலிருந்து செல்லும் தெரு வெஸ்ட் போர்ட். பார்ப்பதற்கு இங்கு அதிகமில்லை. டானர்ஸ் குளோஸ் என்னும் சந்து இங்கே இருந்தது. இன்று அது இல்லை. ஆயினும் நான் இந்நடையிலே அதிக நேரம் நிற்கச் சொல்லுவது இவ்விடத்திலேதான்.

பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்திலே எடின்பரோவுக்கு வைத்திய மாணவர் திரண்டு வந்தனர். உடற்கூற்றியலைப் பிரேதமின்றிக் கற்பிக்க இயலாது. சட்டமோ, தூக்கிலிடப்பட்டோர் போன்ற சிலரின் உடல்களையே அதற்கு அனுமதித்தது. அவை போதவில்லை. ஆகவே புதைகுழியைத் தோண்டிப் பிரேதம் திருடுவோர் பெருகினர். வாங்குவோர் கேள்வி கேட்பதில்லை. வாங்கியவர்களுள் முதன்மையானவர், நானூறுக்கு மேற்பட்ட மாணவர்க்குப் போதித்த டொக்டர் றொபேட் நொக்ஸ். (கண்டி இராச்சியத்திலே சிறைப்பட்டிருந்து நூலெழுதிய றொபேட் நொக்ஸ் இவரல்லர், அவர் ஒரு நூற்றாண்டுக்கு மேல் முற்பட்டவர்.)

டானர்ஸ் குளோஸிலே ஹெயர் என்பவன் ஏழைகளுக்குப் படுக்கை வாடகைக்கு விடும் விடுதி நடத்தி வந்தான். 1827ஆம் ஆண்டின் இறுதியில் அங்கு தங்கியிருந்த முதிய ஓய்வூதியக்காரர் ஒருவர் நோயால் இறந்தார். அவர் தரவேண்டிய வாடகை 4 பவுண். ஹெயரும் அவன் நண்பன் பேர்க்கும் பெட்டியிலே மரப்பட்டைகளை நிரப்பி மூடிவிட்டு, உடலைக் கொண்டுபோய் நொக்ஸின் இடத்திலே 7 பவுண் 10 சிலிங்குக்கு விற்றனர். கடனும் தீர்ந்தது, இலாபமும் கிடைத்தது. அடுத்தவர் தாமாக இறக்கும்வரை அவர்கள் காத்திருக்கவில்லை. 1828ஆம் ஆண்டு அக்டோபர் இறுதிக்குள் பதினாறு பேரைக் கொன்று விற்றுவிட்டார்கள். விருந்தென்று அழைத்து, மது ஊட்டி, காயம் தெரியாதபடி மூச்சை அடைத்துக் கொல்லுவது அவர்கள் முறை. விலை, குளிர்காலத்தில் 10 பவுண், கோடையில் 8 பவுண்.

கொல்லப்பட்டோர் யார்? உப்பு விற்ற கிழவி, தீப்பெட்டி விற்றவர், ஒரு பாட்டியும் அவள் பேரனும், ஊருக்கு ஊர் பிழைப்புத் தேடி வந்தவர்கள். காணவில்லை என்று தேட ஆளில்லாதவர்களாகப் பார்த்தே தெரிந்தெடுத்தனர். சிலரின் பெயரைக்கூட எவரும் எழுதி வைக்கவில்லை. ஜேம்ஸ் வில்சன் என்னும் இளைஞன் மட்டும் நகரெங்கும் தெரிந்தவன். அறிவு வளர்ச்சி குன்றி வெறுங்காலுடன் வீதிகளிலே திரிந்தவன். அவன் உடல் மேசைமீது கிடந்தபோது மாணவர் சிலர் அடையாளங் கண்டுகொண்டனர். நொக்ஸ் அதனை மறுத்து வேலையைத் தொடர்ந்தார் என்பர்.

இக்கொலைகளை நிறுத்தியவர் நீதிபதியுமல்லர், பேராசிரியருமல்லர். பேர்க்கின் வீட்டிலே தங்கியிருந்த ஏழைத் தம்பதியர், ஜேம்ஸ் கிரேயும் ஆன் கிரேயும். தன் காலுறையை எடுக்கக் கட்டிலருகே சென்ற ஆனை, அங்கு போகாதே என்று பேர்க் அதட்டினான். அவளுக்கு ஐயம் எழுந்தது. ஆளில்லாத வேளையிலே வைக்கோலை விலக்கிப் பார்த்தாள். முதல் நாள் விருந்துக்கு வந்த மார்கரெட் டொகேட்டி என்னும் மாது பிணமாகக் கிடந்தாள். பேர்க்கின் துணைவி அவர்கள் காலடியில் விழுந்து, வாயைத் திறவாதிருந்தால் வாரம் 10 பவுண் தருவதாகக் கெஞ்சினாள். உறங்க இடமின்றிப் பிறர் வீட்டில் ஒண்டியிருந்தவர்களுக்கு அது கனவிலும் காணாத தொகை. அவர்கள் பொலிசாரிடம் சென்றார்கள். பேர்க், ஹெயர் என்னும் பெயர்களை இன்று உலகம் அறியும். கிரே தம்பதியரின் பெயரை எத்தனை பேர் அறிவர்? மாணவர்களே, குறித்துக்கொள்ளுங்கள்.

ஹெயர் அரசு தரப்புச் சாட்சியாகி உயிர் தப்பினான். நொக்ஸ்மீது வழக்கே தொடரப்படவில்லை. பேர்க் மட்டும் 1829ஆம் ஆண்டு சனவரி 28ஆம் தேதி, நாம் முன்னர் கடந்து வந்த லோன்மார்க்கெட் வீதியிலே, இருபதினாயிரத்துக்கு மேற்பட்ட மக்கள் முன்னிலையில் தூக்கிலிடப்பட்டான்.

வந்த வழியே சதுக்கத்துக்குத் திரும்பி, கண்டில்மேக்கர் றோ என்னும் ஏற்றத்தில் ஏறினால் கிரேபிரயர்ஸ் தேவாலயத்தின் சேமக்காலை. எசமானின் கல்லறையைப் பிரியாதிருந்த நாயொன்றின் சிலையை வாயிலுக்கு வெளியே எல்லோரும் படம் பிடிப்பர். உள்ளே செல்லுங்கள். புதைகுழிகள்மேல் கனத்த இரும்புக் கூண்டுகள் இரண்டு இருக்கின்றன. உள்ளிருப்பவர் எழுந்து வராதபடி போட்டவை என்று வழிகாட்டிகள் சிலர் வேடிக்கையாகச் சொல்லுவதுண்டு. வெளியிலிருந்து பிரேதத் திருடர் நுழையாதபடி போட்டவை அவை. உடல் திருடர்க்குப் பயன்படாத நிலையை அடையும்வரை சில வாரங்களுக்கு வாடகைக்கு எடுப்பார்களாம். வாடகை கொடுக்க வழியற்றோரின் புதைகுழிகள் திறந்தே கிடந்தன.

அதே சேமக்காலையின் தெற்கிலே பூட்டிய கதவொன்று உண்டு. மன்னனின் சமய ஆணைகளை ஏற்க மறுத்துப் போரிட்டுத் தோற்றவர்களை 1679ஆம் ஆண்டு யூன் மாதம் தொடக்கம், அதற்கப்பாலிருந்த வெளியிலே அடைத்து வைத்தனர். தொடக்கத்தில் ஏறக்குறைய 1,200 பேர். கூரையில்லை, உணவும் அற்பம். நவம்பரில் எஞ்சியோருள் இருநூற்றைம்பதுக்கு மேற்பட்டோரை நாடுகடத்தக் கப்பலேற்றினர். ஓர்க்னித் தீவுகளுக்கருகே அக்கப்பல் உடைய, பெரும்பாலோர் மாண்டனர். அவர்களிற் பலரை வழக்காடித் தண்டனைக்கு உள்ளாக்கிய ஜோர்ஜ் மக்கென்சியின் கல்லறை மண்டபம் அக்கதவுக்குச் சில அடி தூரத்திலேயே நிற்கிறது. நகரின் புகழ்பெற்ற சட்ட நூலகத்தை நிறுவியவரும் அவரே.

இனி நிக்கல்சன் வீதியிலுள்ள அறுவை வைத்தியர் கல்லூரி நூதனசாலை. அங்கே பேர்க்கின் தோலாற் செய்ததென்று சொல்லப்படும் சிறு கைப்புத்தக உறையொன்று கண்ணாடிப் பெட்டியுள் இருக்கிறது. பலர் அதனைப் பார்க்கவே வருகின்றனர். நீதிபதி விதித்தபடி அவன் உடல் மாணவர் முன்னிலையில் அறுக்கப்பட்டது. எலும்புக்கூடு சர்வகலாசாலையின் உடற்கூற்றியல் நூதனசாலையிலே இன்றும் நிற்கிறது.

இக்கொலைகளின் விளைவாக 1832இல் புதுச் சட்டம் வந்தது. வறியோர் இல்லங்களிலும் வைத்தியசாலைகளிலும் இறந்து, உரிமை கோருவாரின்றிக் கிடந்த உடல்களைக் கல்லூரிகளுக்குக் கொடுக்க அது வழிசெய்தது. பிரேதத் திருட்டு ஒழிந்தது. ஆயினும் மேசைமீது கிடந்தவர் முன்போலவே ஏழைகள்தாம். அவர்களைக் கேட்டு எவரும் எடுக்கவில்லை. இன்று அங்கு, உயிரோடிருக்கும்போதே தம் உடலைக் கொடுக்க எழுத்து மூலம் இசைந்தவர்களின் உடல்கள் மட்டுமே ஏற்கப்படுகின்றன.

அந்த எலும்புக்கூட்டைக் காண விரும்புவோர் ஒன்றை நினைவில் வைத்தல் வேண்டும்: சர்வகலாசாலை நூதனசாலை குறித்த சில நாட்களிலேயே பொதுமக்களுக்குத் திறக்கப்படும். முன்கூட்டி விசாரித்துக்கொண்டு செல்லுங்கள்.