25 வெள்ளி சாமானும் அப்பாவின் ஹைலக்சும்

"மா, வண்டி மேடு ஏறமாட்டேங்குது. காஹாங் பக்கம் நிக்கிறேன்."

காலை நிகழ்ச்சியை முடித்துவிட்டு ஸ்டூடியோவை விட்டு வெளியே வந்தபோது அப்பாவிடமிருந்து அழைப்பு. எங்கள் வீட்டில் வண்டி என்றால் ஒன்றுதான். 1990களில் வந்த டொயோட்டா ஹைலக்ஸ், 2.8 லிட்டர் டீசல். குளுவாங்கில் எங்களுக்குள்ள சின்னச் செம்பனைத் தோட்டத்தின் குலைகளைச் சுமந்து, என் மீடியா படிப்புக்குக் கட்டணம் கட்டிய வண்டி அது.

வழியிலிருந்த ஒரு பட்டறையில், "டீசல் பம்பு போச்சு. 2,000 வெள்ளிக்கு மேல ஆகும்" என்று சொல்லிவிட்டார்களாம். "வித்துடலாம்மா" என்றார் அப்பா. அவர் குரலில் அப்படியொரு சோர்வை நான் கேட்டதில்லை. மறுநாள் லீவு போட்டுவிட்டு ஜொகூர் பாருவிலிருந்து கிளம்பினேன்.

வீட்டில் நுழைந்ததும் பக்கத்து வீட்டு மாமா வந்தார். தோட்டத்து லோரி ஓட்டி ஓய்வு பெற்றவர். வண்டியின் நோயைக் கேட்டார். ஸ்டார்ட் ஆகிறது, சமதரையில் ஓடுகிறது. குலையோடு மேடு ஏறினால் திணறி நிற்கிறது. பத்து நிமிடம் விட்டால் மறுபடி ஓடுகிறது.

"டீசல் ஃபில்டர் எப்ப மாத்துனீங்க?"

அப்பா பதில் சொல்லவில்லை.

"முதல்ல அதைப் பாப்போம். பம்பை அப்புறம் பேசலாம்" என்றார் மாமா. "ரேடியோவுல அவ்வளவு பேசுறியே, ஃபில்டர் எங்கே இருக்குன்னு காட்டு பாப்போம்" என்று என் பக்கம் திரும்பினார். போனட்டைத் திறந்தேன். எனக்குத் தெரிந்தது பேட்டரி மட்டும்தான்.

கண்டுபிடிக்கும் வழி எளிது. டேங்கிலிருந்து வரும் டீசல் குழாயைப் பின்தொடர வேண்டும். எங்கள் ஹைலக்சில் அது போனட்டுக்குள்ளேயே இருக்கிறது. பால் டின் அளவில் தொங்கும் ஓர் உருளை. அதன் தலையில் கையால் அழுத்தும் சின்ன பம்பு, அடியில் தண்ணீர் சேர்ந்தால் எச்சரிக்கும் சென்சார். பழைய பெட்ரோல் பிக்கப் சிலவற்றில் வண்டிக்கு அடியில், சட்டத்தை ஒட்டி இருக்கும். பெட்ரோல் எளிதில் தீப்பிடிக்கும், குழாயில் அழுத்தமும் இருக்கும். அந்த வேலையைப் பட்டறைக்கே விட்டுவிடுங்கள்.

முகக்கவசம் போட்டுக்கொண்டு மாடிப்படி ஏறியது நினைவிருக்கிறதா? சும்மா உட்கார்ந்திருந்தால் தெரியாது. ஏறும்போதுதான் மூச்சு முட்டும். அடைத்துப்போன ஃபில்டரும் அப்படித்தான். சுமையோடு மேடு ஏறும்போது என்ஜின் நிறைய டீசல் கேட்கிறது, அது வந்து சேர்வதில்லை. டீசல் பம்பின் உள்பாகங்கள் தலைமுடியைவிட மெல்லிய இடைவெளியில் உரசி ஓடுபவை. அவற்றுக்கு வழவழப்பு கொடுப்பதும் டீசல்தான். தூசியும் தண்ணீரும் உள்ளே போனால் உண்மையிலேயே பம்பு போய்விடும்.

மாமா கீழே ஒரு பேசின் வைத்தார். என்ஜின் ஆறியிருந்தது. சென்சார் வயரைக் கழற்றி, உருளையை இடப்பக்கமாகத் திருகினார். வெளியே வந்தது கறுப்புச் சேறு. துடைத்துப் பார்த்தால் ஃபில்டரின் மேல் மார்க்கர் பேனாவில் அப்பாவின் கையெழுத்து: 3.9.2017.

அந்தத் தேதிக்குப் பிறகு டீசலே மாறிவிட்டது. 2019 பிப்ரவரியில் நம் நாட்டில் வாகனங்களுக்கு பி10 கட்டாயமானது. நூற்றில் பத்துப் பங்கு செம்பனை எண்ணெயிலிருந்து தயாரித்த பயோடீசல். அதற்கு அழுக்கைக் கரைக்கும் குணம் உண்டு. பழைய டேங்கின் அடியில் பல வருடமாகப் படிந்திருப்பதைக் கிளப்பி ஃபில்டருக்குக் கொண்டுவரும். சாதாரண டீசலைவிட ஈரத்தையும் அதிகம் இழுக்கும். நம் ஊர் ஈரக் காற்றில் டேங்க் பாதி காலியாகவே கிடந்தால் உள்ளே நீர் கோத்து, துருவும் சேறும் சேரும். பி10 மீது குறையில்லை. பழைய வண்டிக்கு ஃபில்டரை முன்பைவிட அடிக்கடி பார்க்க வேண்டும், அவ்வளவுதான். அப்பா வெட்டிய குலையே டீசலாகத் திரும்பி வந்து அவர் வண்டியைக் கழுவியிருக்கிறது!

புது ஃபில்டர் 25 வெள்ளி. சென்சாரை அதற்கு மாற்றி, பழைய ரப்பர் வளையம் மேலேயே ஒட்டிக்கொண்டிருக்கிறதா என்று பார்த்தோம். புது வளையத்தில் கொஞ்சம் டீசல் தடவிக் கையாலேயே இறுக்கினோம். பிறகு தலையிலிருந்த பம்பை அது கெட்டியாகும் வரை நான் அழுத்தினேன். உள்ளே சிக்கிய காற்று போனால்தான் என்ஜின் பிடிக்கும். சாவியைத் திருப்பினார் அப்பா. கசிவு இல்லை. பேசினில் இருந்த டீசலைச் சாக்கடையில் ஊற்றாமல் போத்தலில் அடைத்து, பழைய எண்ணெய் வாங்கும் பட்டறையில் கொடுத்தோம்.

மாலையில் குலை ஏற்றிக்கொண்டு அதே மேட்டில் போனோம். மூன்றாவது கியரில் ஏறியது.

2024 ஜூன் 10இல் தீபகற்பத்தில் டீசல் விலை 2.15இலிருந்து 3.35 வெள்ளிக்கு ஏறிய பிறகு, அப்பா எல்லாச் செலவையும் இழுத்துப் பிடித்தார். ஆனால் ஃபில்டரை விட்டதற்குக் காரணம் பணமில்லை. வீடு திரும்பும்போது அவரே சொன்னார்: "முட்டி வலிம்மா. குனிய முடியல. ஒன்னைக் கூப்பிட்டா வேலை கெட்டுடுமேன்னு..."

வாரம் தவறாமல் அப்பாவோடு பேசுகிறேன். சாப்பிட்டீர்களா என்று கேட்டேன், மருந்து எடுத்தீர்களா என்று கேட்டேன். வண்டியைப் பற்றி ஒருமுறைகூடக் கேட்டதில்லை. உங்கள் வீட்டிலும் ஒரு பழைய வண்டி இருக்கலாம். அடுத்த முறை ஊருக்குப் போகும்போது போனட்டைத் திறந்து, "ஃபில்டர் எங்கேப்பா, எப்ப மாத்துனது?" என்று கேளுங்கள்.

புது ஃபில்டரில் தேதி போட அப்பா மார்க்கரை எடுத்தார். பிறகு என்னிடம் நீட்டினார். இந்த முறை எழுதியது நான்.