மூன்றாம் வகுப்பு மந்திரி

நேயர்களே, ரயில் இரண்டு மணி நேரம் தாமதமாக வந்தால் நீங்கள் யாரைக் கோபித்துக்கொள்வீர்கள்? முதலில் ஸ்டேஷன் மாஸ்டரை. அவர் அகப்படாவிட்டால் போர்ட்டரை. அவரும் நழுவிவிட்டால், இருக்கவே இருக்கிறார், "இந்த ரயிலிலேயே போகலாம்" என்று யோசனை சொன்ன வீட்டுக்காரர்! டில்லியில் ரயிலுக்கென்று ஒரு மந்திரி உட்கார்ந்திருக்கிறார் என்ற ஞாபகம் நம்மில் பலருக்கு வருவதே இல்லை. பள்ளிக்கூடம், ஆஸ்பத்திரி, அரிசி விலை இவற்றுக்கெல்லாம் மந்திரியைக் கேள்வி கேட்கிற நாம், பஸ்ஸையும் ரயிலையும் மட்டும் மழை வெயில் மாதிரி பகவான் விட்ட வழி என்று விட்டுவிடுகிறோம்.

பட்டணத்தில் இருக்கும் உங்களுக்கு ஒரு பஸ் போனால் அடுத்த பஸ். அருப்புக்கோட்டையை ஒட்டிய எங்கள் பாளையம்பட்டியில் அப்படியில்லை. இது வானம் பார்த்த பூமி. தண்ணீரைப் போலவே போக்குவரத்தும் எங்களுக்குத் தூரத்திலிருந்துதான் வந்தாக வேண்டும். விருதுநகரிலிருந்து அருப்புக்கோட்டைக்கு ரயில் பாதை வந்தது 1963-ல். மறு வருஷம் அது திருச்சுழி வழியாக மானாமதுரை வரை நீண்டது. அகலப் பாதையாக மாறியது 2013-ல். 1963-க்கு முன்னால் இந்தப் பக்கத்து ஜனங்கள் சென்னைக்குப் போக வேண்டுமானால் விருதுநகருக்கோ மதுரைக்கோ பஸ் பிடித்துப் போய், தூத்துக்குடிப் பாதையில் வரும் ரயிலுக்குக் காத்திருக்க வேண்டும். ஊருக்குத் திரும்பி வருவதும் அப்படித்தான்.

அந்தப் பாதையில், 1956-ம் வருஷத்து மழைக்கால இரவு ஒன்றில் நடந்த ஒரு சம்பவம் ஒரு மந்திரியின் பெயரைத் தேசத்தின் ஞாபகத்தில் நிறுத்திவிட்டது. அவர் லால் பகதூர் சாஸ்திரி. பிரதம மந்திரி சாஸ்திரியை நீங்கள் அறிவீர்கள். அதற்கு முன்னால் வருஷக் கணக்கில் பஸ்ஸையும் ரயிலையும் கட்டி மேய்த்த சாஸ்திரியைப் பற்றித்தான் இந்த வாரம் சொல்லப் போகிறேன்.

அவர் பிறந்ததே ரயிலுக்குப் பேர்போன ஊரில். காசிக்குப் பக்கத்தில் மொகல்சராய் என்ற பெரிய ஜங்ஷன். வருஷம் 1904, அக்டோபர் 2. குழந்தைக்கு ஒன்றரை வயது இருக்கும்போது தகப்பனார் பிளேக் நோயில் போய்விட்டார். தாயார் ராம்துலாரி தேவி குழந்தைகளோடு பிறந்த வீட்டில் ஒண்டிக்கொண்டார். 'சாஸ்திரி' என்பது ஜாதிப் பெயர் அல்ல. காசி வித்யாபீடத்தில் படித்துப் பெற்ற பட்டம். 1928-ல் லலிதா தேவியைக் கல்யாணம் செய்துகொண்டபோது, சீர் என்று அவர் ஏற்றுக்கொண்டது ஒரு ராட்டையும் சில கஜம் கதர்த் துணியும்தான். பெண்ணைப் பெற்ற நேயர்கள் இந்த இடத்தில் ஒரு பெருமூச்சு விட்டுவிட்டு மேலே படிக்கலாம்.

1947-ல் ஐக்கிய மாகாணத்தில் கோவிந்த வல்லப பந்த் மந்திரி சபையில் அவருக்குக் கிடைத்த இலாகா போலீசும் போக்குவரத்தும். கூட்டத்தைக் கலைக்கத் தடியடி வேண்டாம், தண்ணீரைப் பீய்ச்சினால் போதும் என்று உத்தரவிட்டவர் அவர். (எங்கள் சீமையில் அப்படிப் பீய்ச்சினால் கூட்டம் கலையாது, குடத்தோடு இன்னும் நாலு பேர் வந்து சேர்ந்துகொள்வார்கள்!) அதே வருஷம் அந்த மாகாண சர்க்கார் சொந்தமாகப் பஸ் விட ஆரம்பித்தது. அந்தப் பஸ்களில் பெண்களைக் கண்டக்டர்களாக நியமித்தார் சாஸ்திரி.

இன்றைக்கு இது சாதாரணமாகப் படலாம். பெண் ஒருத்தி தனியாக வெளியூர் போனாலே நாலு பேர் திரும்பிப் பார்த்த காலத்தில், தோளில் பையை மாட்டிக்கொண்டு, "டிக்கட், டிக்கட்!" என்று ஆண்களை அதட்டிக் காசு வாங்கும் உத்தியோகத்தைப் பெண்ணுக்குக் கொடுப்பதென்றால் மந்திரிக்குக் கொஞ்சம் நெஞ்சுரம் வேண்டும். பஸ்ஸில் கண்டக்டரே பெண்ணாக இருந்தால், கைக்குழந்தையோடு ஏறுகிறவளுக்கு எவ்வளவு தைரியம் என்பதை உங்களுக்கு நான் விளக்க வேண்டியதில்லை.

1952-ல் நேரு அவரை ரயில்வே மந்திரி ஆக்கினார். அதற்கு முன் அந்த இலாகாவைப் பார்த்தவர் நம் தஞ்சாவூர் ஜில்லாக்காரரான என். கோபாலஸ்வாமி ஐயங்கார். துண்டு துண்டாகக் கிடந்த ரயில்வேக் கம்பெனிகளைச் சேர்த்து மண்டலங்களாக அமைக்கும் வேலை அவர் காலத்தில் தொடங்கியது. 1951-ல் பிறந்த தெற்கு ரயில்வே அப்படி வந்ததுதான். வீட்டைக் கட்டிக் கொடுத்தவர் ஐயங்கார் என்றால், உள்ளே குடியிருப்பவர்களின் சௌகரியத்தைக் கவனித்தவர் சாஸ்திரி.

அந்தக் காலத்து ரயிலில் நாலு ஜாதி உண்டு: முதல் வகுப்பு, இரண்டாம் வகுப்பு, இன்டர், மூன்றாம் வகுப்பு. பணம் படைத்தவர்கள் மெத்தையில் சாய்ந்து போவார்கள். தேசத்தின் பெரும்பகுதி மூன்றாம் வகுப்பில், மரப் பலகையில், மூட்டைக்கும் முழங்காலுக்கும் நடுவில் போகும். 1955-ல், சாஸ்திரியின் காலத்தில், பழைய முதல் வகுப்பு எடுபட்டது. இரண்டாம் வகுப்பும் இன்டரும் பெயரில் ஒரு படி ஏறின. மூன்றாம் வகுப்பு வண்டிகளில் மின்சார விசிறி சுழல ஆரம்பித்ததும் அவர் காலத்தில்தான். பெரம்பூரில் ரயில் பெட்டித் தொழிற்சாலையை நேரு திறந்து வைத்தது அதே 1955, அக்டோபர் 2. தற்செயலோ என்னவோ, சாஸ்திரிக்கும் அன்றுதான் பிறந்த நாள்.

மூன்றாம் வகுப்பு என்ற பெயரே 1974-ல் போய்விட்டது. ஆனால் சித்திரை வெயிலில், இடுப்பில் பிள்ளையோடு அந்தப் பெட்டியில் பிரயாணம் செய்தவர்களைக் கேளுங்கள். தலைக்கு மேல் ஒரு விசிறி சுற்றுவது எவ்வளவு பெரிய ராஜாங்க காரியம் என்று அவர்கள் சொல்வார்கள்.

இனி அந்த இரவுக்கு வருகிறேன். 1956 நவம்பர் 22. சென்னை எழும்பூரிலிருந்து தூத்துக்குடி எக்ஸ்பிரஸ் புறப்பட்டது. மதுரைக்கும் விருதுநகருக்கும் அதற்கப்பாலும் போகிற ஜனங்கள் தூங்கிக்கொண்டிருந்தார்கள். வழியெல்லாம் அடைமழை. அரியலூரைத் தாண்டியதும் மருதையாறு. மற்ற நாளில் அடக்கமாக இருக்கும் ஆறு அன்று பெருக்கெடுத்துப் பாலத்தைப் பலவீனப்படுத்தியிருந்தது. 23-ம் தேதி பொழுது புலரும் வேளையில் எஞ்சினும் பெட்டிகளும் வெள்ளத்தில் விழுந்தன. நூற்று நாற்பது பேருக்கு மேல் மாண்டார்கள். விடிந்ததும் வந்து சேருவார்கள் என்று எத்தனை வீடுகளில் அடுப்பை மூட்டிக் காத்திருந்தார்களோ!

அதே வருஷம், சில மாதங்களுக்கு முன்தான், மகபூப்நகர் பக்கத்தில் இன்னொரு பாலம் விழுந்து நூற்றுக்கு மேற்பட்டவர்கள் இறந்திருந்தார்கள். அப்போதே சாஸ்திரி ராஜிநாமாக் கொடுத்தார்; நேரு ஏற்கவில்லை. அரியலூருக்குப் பிறகு மறுபடியும் கொடுத்தார். இம்முறை நேரு ஏற்றுக்கொண்டார். விபத்துக்குச் சாஸ்திரி காரணம் என்பதற்காக அல்ல, பொறுப்பு என்றால் என்ன என்பதற்கு இது ஒரு முன்மாதிரியாக இருக்கட்டும் என்பதற்காகத்தான் ஏற்பதாகப் பார்லிமெண்டில் விளக்கினார். டிசம்பரில் சாஸ்திரி பதவியை விட்டு இறங்கினார்.

அவருக்குத் துணை மந்திரியாக இருந்தவர் நம் ஓ. வி. அளகேசன். 1957 தேர்தலில் செங்கல்பட்டில் அவர் தோற்றுப் போனார். அரியலூர்ப் பேச்சு அந்தத் தேர்தல் மேடைகளில் பலமாக அடிபட்டது. ஐந்து வருஷம் கழித்து 1962-ல் அதே தொகுதி மறுபடி அவரையே அனுப்பி வைத்தது. ஜனங்களுக்குக் கோபிக்கவும் தெரியும், மன்னிக்கவும் தெரியும்.

இந்தக் கதையை எங்கள் பக்கத்துப் பெண்களிடம் சொன்னால் அவர்கள் கேட்கக்கூடிய கேள்வி ஒன்று உண்டு: "ஏன் மதினி, மந்திரி வேலைய விட்டுட்டா, செத்தவுக திரும்பி வந்துருவாகளா?"

நியாயமான கேள்வி. மந்திரி ராஜிநாமாச் செய்வதால் ஒரு பாலமும் பலப்படுவதில்லை. பாலத்தைக் காப்பாற்றுவது வேறு விஷயங்கள். ஆற்றுத் தண்ணீர் எவ்வளவு உயர்ந்தால் ஆபத்து என்று பாலத்தில் குறி போட்டு வைப்பது ஒன்று. மழைக்கால இரவுகளில் கையில் விளக்கும், தண்டவாளத்தில் வைக்கும் எச்சரிக்கை வெடியுமாகப் பாதை நெடுக நடந்து பார்க்கும் ரோந்து ஆள் இன்னொன்று. விபத்து நேர்ந்தால் உள்ளதை உள்ளபடி சொல்லும் விசாரணை மூன்றாவது. ரயில் பாதுகாப்பை விசாரிக்கும் அதிகாரிகள் 1941 முதல் ரயில்வே போர்டுக்குக் கட்டுப்படாமல் தனி ஏற்பாடாக இருக்கிறார்கள். மாமியார் மருமகள் வழக்கில் மாமியாரே நீதிபதியாக உட்காரக் கூடாது அல்லவா?

அப்படியானால் ராஜிநாமா வெறும் சடங்குதானா? நான் அப்படி நினைக்கவில்லை. ஒரு பெரிய இலாகாவில் தப்பு நடந்தால் அது மேலிருந்து கீழே உருளும். மந்திரி அதிகாரியைக் காட்டுவார். அதிகாரி இன்ஜினீயரைக் காட்டுவார். கடைசியில், மழையில் நனைந்துகொண்டு நின்ற கேங்மேன் தலையில் அது விடியும். சாஸ்திரி அந்தப் பழியை உருளவிடாமல் தம் மேஜையிலேயே நிறுத்திக்கொண்டார். மேலே இருப்பவன் பதில் சொல்வான் என்று தெரிந்தால், கீழே இருப்பவன் பயமில்லாமல் உண்மையைச் சொல்வான். "ஐயா, அந்தப் பாலம் சரியில்லை" என்று முன்கூட்டியே சொல்லவும் அவனுக்குத் துணிச்சல் வரும். 1999-ல் கைசால் ரயில் விபத்துக்குப் பிறகு நிதிஷ் குமார் பதவி விலகியபோதும் சாஸ்திரியின் வழிதான் எல்லோருக்கும் ஞாபகம் வந்தது.

ஜனங்கள் சாஸ்திரியை மறக்கவில்லை. 1957-ல் அலகாபாத்திலிருந்து ஜெயித்து வந்தார். அவருக்கு அப்போது கிடைத்த இலாகா என்ன தெரியுமா? போக்குவரத்தும் தபால் தந்தியும்! சாலை, துறைமுகம், கப்பல், கடுதாசி எல்லாம் அவர் பொறுப்பு. பிறகு வர்த்தகம், உள்நாட்டு இலாகா என்று ஏறினார். 1963-ல், பதவியை விட்டுக் கட்சி வேலைக்குப் போக வேண்டும் என்று ஒரு திட்டம் வந்தபோது, பதவியைத் துறந்த மந்திரிகளில் அவரும் ஒருவர். அந்தத் திட்டத்தைக் கொண்டுவந்தவர் எங்கள் விருதுநகர்க்காரர் காமராஜர். அரியலூர் விபத்து நடந்தபோது சென்னை ராஜ்யத்தின் முதல் மந்திரியாக இருந்தவர் அவர்தான். நேரு மறைந்தபின், 1964 ஜூனில், காங்கிரஸ் தலைவராக எல்லோரையும் கலந்து பேசிச் சாஸ்திரியைப் பிரதம மந்திரி ஆசனத்தில் அமர வைத்தவரும் அவரே.

போக்குவரத்து மந்திரியாக இருந்தவருக்குச் சொந்தமாக ஒரு வண்டி கிடையாது. பிரதம மந்திரி ஆன பிறகுதான், குழந்தைகளின் விருப்பத்திற்காக, ஒரு பியட் கார் வாங்கினார். விலை பன்னிரண்டாயிரம் ரூபாய். கையில் இருந்தது ஏழாயிரம். மீதி ஐயாயிரத்தைப் பஞ்சாப் நேஷனல் பாங்கியில் கடன் வாங்கினார். கடன் அடைபடுவதற்குள், 1966 ஜனவரி 11-ல் தாஷ்கண்டில் காலமானார். மிச்சக் கடனை லலிதா தேவி தம் பென்ஷன் பணத்திலிருந்து அடைத்துத் தீர்த்தார். கணவர் பதவியில் காட்டிய பொறுப்பை மனைவி பாங்கிக் கணக்கில் காட்டினார். இந்த இருவரில் யார் பெரியவர் என்று என்னைக் கேட்டால், பதில் சொல்லச் சற்று யோசிப்பேன்.

2021-ல் தமிழ்நாட்டில் சாதாரண பஸ்களில் பெண்கள் கட்டணமில்லாமல் போகலாம் என்று உத்தரவு வந்தது. மில்லுக்கும் கல்லூரிக்கும் ஆஸ்பத்திரிக்கும் போகிற எத்தனையோ பெண்களுக்கு அந்தக் காசு மிச்சம் பெரிது. ஆனால் இலவசமோ, டிக்கட்டோ, பஸ் நேரத்துக்கு வர வேண்டும். நிறுத்தத்தில் நிற்க வேண்டும். இருட்டிய பிறகும் ஒரு பெண் பயமில்லாமல் இறங்கி வீட்டுக்கு நடக்க வேண்டும். இதையெல்லாம் கேட்பது நம் உரிமை. கேட்காமல் இருந்தால் யாரும் தாமாக வந்து தர மாட்டார்கள்.

ஆகையால், சகோதரிகளே, அடுத்த தேர்தலில் ஓட்டுக் கேட்டு வருகிறவர்களிடம் குடிதண்ணீரைப் பற்றிக் கேட்கும்போது, பஸ்ஸைப் பற்றியும் பாலத்தைப் பற்றியும் ஒரு வார்த்தை கேளுங்கள். "ஏதாவது நடந்துவிட்டால் யாரைக் காட்டுவீர்கள்?" என்றும் கேட்டு வையுங்கள். "என்னைத்தான்" என்று பதில் சொல்லுகிறவர் இருந்தால், அவருக்கு ஒரு டம்ளர் மோர் கொடுத்து அனுப்புங்கள்.