டூயட் யாருக்கு?

ராயபுரம், திருவொற்றியூர் பக்கம் கல்யாண ரிசப்ஷனுக்கு மொய்க் கவரோடு போயிருக்கிறீர்களா? மண்டபமே அதிரும். பக்கத்து நாற்காலிக்காரர் 'சாப்டாச்சா?' என்று கேட்பது நமக்கு வாயசைப்பாகத்தான் தெரியும். நாலு குத்துப் பாட்டு முடிந்து டிரம்ஸ்காரர் வியர்வை துடைக்கும் நேரம், ஏ.எம்.ராஜா பாட்டு ஒன்றை எடுப்பார்கள். பந்திக்குக் கிளம்பிய பெருசுகள் அப்படியே உட்கார்ந்துவிடும்!

ராஜா பாடகர், இசையமைப்பாளர். சம்சாரம் ஜிக்கி. 'மந்திரி குமாரி'யில் (1950) மலை உச்சிப் பாட்டைத் திருச்சி லோகநாதனோடு பாடியவர். 'குலேபகாவலி'யில் (1955) எம்.ஜி.ஆர். காதலிக்க, பின்னால் குரல் கொடுத்தது ராஜாவும் ஜிக்கியும்தான்.

விஷயத்துக்கு வருவோம். 1959-ல் ஸ்ரீதரின் 'கல்யாணப் பரிசு'. தமிழில் ராஜா இசையமைத்த முதல் படம். டியூனும் அவருடையது, ஆண் குரலும் அவருடையது. காதல் டூயட்டை யாருக்குக் கொடுத்திருப்பார்? நாமாக இருந்தால் யோசிப்போமா?

பி.சுசீலாவுக்குக் கொடுத்தார் சார்! அதுவும் இரண்டு. 1961-ல் 'தேன் நிலவு'. 'பேபி' என்று கூப்பிடும் அந்த வெஸ்டர்ன் டூயட், எஸ்.ஜானகிக்கு!

"அன்னிக்கு ராத்திரி வீட்ல சோறு கிடைச்சிருக்குமா?" என்று கவலைப்பட்டார் எங்கள் செக்ஷன் நண்பர். நியாயமான கவலை. மச்சானுக்கு மட்டும் ஓவர்டைம் போடுகிற சூப்பர்வைசரிடம் குப்பை கொட்டியவர் அவர்.

ஆனால் இரண்டு படத்திலும் ஜிக்கிக்கு ஒரு தனிப்பாட்டு வைத்திருந்தார் ராஜா. சம்சாரத்தின் குரல் எங்கே நிற்கும் என்று அவருக்குத் தெரியாதா? இன்னொருத்தர் பாடி அவற்றை நினைத்துப் பார்க்கவே முடியவில்லை.

சினிமா வாய்ப்பு குறைந்ததும் இருவரும் மேடைகளில் சேர்ந்து பாடினார்கள். 1989 ஏப்ரலில் ஒரு கச்சேரிக்குப் போகும் வழியில், வள்ளியூர் ஸ்டேஷனில் ரயிலில் சிக்கி ராஜா இறந்துபோனார். அதே வருஷம் வந்த 'பாட்டுக்கு ஒரு தலைவன்' படத்தில், இளையராஜா இசையில் மனோவோடு ஜிக்கி பாடிய டூயட் இருக்கிறது. 2004-ல் அவரும் மறைந்தார்.

இங்கிலாந்திலும் இப்படி ஒரு ஜோடி. ஜாஸ் பாடகி கிளியோ லேன். கணவர் ஜான் டாங்க்வொர்த் சாக்ஸபோன் கலைஞர், இசையமைப்பாளர். 1958-ல் கல்யாணம். 2010 பிப்ரவரி 6-ம் தேதி கணவர் இறந்தார். அன்று ராத்திரி, இருவரும் சேர்ந்து உருவாக்கிய அரங்கில் கச்சேரி. கிளியோ ரத்து செய்யவில்லை. மேடையேறினார். துக்கச் செய்தியை ஜனங்களிடம் சொன்னதே கச்சேரி முடிவில்தான்.

எண்ணூர் பஸ்ஸில் ஜன்னல் சீட் கிடைத்தால், ஜிக்கியின் அந்த இரண்டு தனிப்பாட்டையும் கேளுங்கள். கன்டெய்னர் லாரி ஹாரனையும் மீறிக் கேட்கும். ரெடிமேட் இல்லை, அளவெடுத்துத் தைத்தது.

சோறு கண்டிப்பாகக் கிடைத்திருக்கும். அப்பளத்தோடு!