நிழல் இல்லாத வெள்ளை

கற்பனை உலகத்தில் ஒரு பனிநாடு வந்தால் அங்கே தீயசக்தி ஒன்று குடியிருந்தே ஆக வேண்டும் என்று வழக்கமாகிவிட்டது. நார்னியாவில் வெள்ளைச் சூனியக்காரி. ஜார்ஜ் ஆர். ஆர். மார்ட்டினின் கதையில் 700 அடி உயரப் பனிச்சுவருக்கு அப்பால், செத்தவர்களை எழுப்பி நடத்திவரும் கூட்டம். இரண்டையும் விரும்பித்தான் படித்தேன். ஆனாலும் நான் முழுதாக நம்பிய பனிவெளி ஒன்றே ஒன்று. உர்சுலா லெ குவின் 1969-ல் எழுதிய ‘தி லெஃப்ட் ஹேண்ட் ஆஃப் டார்க்னெஸ்’ நாவலில் வரும் கோப்ரின். அங்கே பூதமும் இல்லை, சாபமும் இல்லை. அந்தப் பனிக்கு யார்மீதும் பகை கிடையாது. எனக்கு அதுதான் பயம் தந்தது.

கோப்ரின் இருக்கும் கெதன் என்ற கிரகம் பனியுகத்தில் கிடக்கிறது. மோட்டார் வண்டி உண்டு, ரேடியோ உண்டு, விமானம் கிடையாது. சிறகுள்ள உயிர் எதுவுமே இல்லாத மண்ணில், பறக்கலாம் என்ற எண்ணம் யாருக்கு எப்படித் தோன்றும்? ஓர் உலகத்தை எப்படிக் கட்டுவது என்று கேட்பவர்களுக்கு நான் காட்டுவது இந்த இடத்தைத்தான். பறவை இல்லை, அதனால் விமானம் இல்லை, அதனால் ஏறத்தாழ 800 மைல் பனியைக் கால்நடையாகவே கடந்தாக வேண்டும்.

கடப்பவர்கள் இரண்டு பேர். பூமியிலிருந்து தூதராக வந்த கென்லி ஐ ஒருவர். சொந்த நாட்டிலிருந்து துரத்தப்பட்ட முன்னாள் பிரதமர் எஸ்ட்ராவன் இன்னொருவர். கெதன் மக்கள் நிரந்தரமாக ஆணும் அல்ல, பெண்ணும் அல்ல. மாதத்தில் சில நாட்கள் மட்டுமே ஏதேனும் ஒரு பால் அவர்களிடம் தலைகாட்டும். இதை மனதில் எங்கே வைப்பது என்று தெரியாமல் எஸ்ட்ராவனைத் தொடக்கத்திலிருந்தே சந்தேகப்படுகிறார் கென்லி. ஆனால் கென்லி அடைபட்டுக் கிடந்த சிறைமுகாமிலிருந்து அவரைத் தூக்கிக்கொண்டு ஓடியது அதே எஸ்ட்ராவன்தான். பிறகு ஒரு கூடாரம், ஓர் அடுப்பு, மாற்றி மாற்றி இழுக்க ஒரு சறுக்குவண்டி, எண்பது நாள் பயணம்.

கூடாரத்துக்குள் அடுப்பின் சூட்டை எவ்வளவு வைப்பது என்பதே ஒரு வழக்கு. பனியில் பிறந்தவருக்குப் புழுங்குகிறது, பூமிக்காரருக்கு நடுங்குகிறது. நடுவில் ஓர் அளவை ஒப்புக்கொள்கிறார்கள். இருவருக்குமே அது சரிப்படவில்லை. இன்னொரு நாள் கென்லியின் ஒரு கண் இமையோடு உறைந்து மூடிக்கொள்கிறது. மூச்சை ஊதியும் நாக்கால் தொட்டும் அதைத் திறக்கவைக்கிறார் எஸ்ட்ராவன். காதல் காட்சி என்று நாவல் இதைச் சொல்வதில்லை. நான் அப்படித்தான் படித்தேன்.

லெ குவின் கலிஃபோர்னியாவில் பிறந்து வளர்ந்தவர். அண்டார்டிகாவை அவருக்குக் காட்டியவை ஸ்காட், ஷாக்கிள்டன், செர்ரி-கேரார்ட் ஆகியோரின் பயணநூல்கள். அவற்றைப் பல ஆண்டுகள் விடாமல் படித்ததாக எழுதியிருக்கிறார். நாவல் பிறந்த கதையையும் சொல்லியிருக்கிறார்: பரந்த பனிவெளியில் வெகுதூரத்தில் இரண்டு சின்ன உருவங்கள் எதையோ சேர்ந்து இழுத்துப்போவது மனதில் தெரிந்ததாம். அவர்கள் யார், ஆணா பெண்ணா என்பதுகூட அப்போது அவருக்குத் தெரியாது. அந்த அறியாமையைத் திருத்திக்கொள்ளாமல் கதையின் மையத்திலேயே வைத்தாரே, அந்தத் துணிச்சலுக்காகவே அவரைக் கொண்டாடுகிறேன்.

கோப்ரினில் மிக மோசமான நாட்கள் புயல் நாட்கள் இல்லை. காற்று ஓய்ந்து, மேகம் மூடி, வெளிச்சம் எல்லாப் பக்கமும் சமமாகப் பரவி, நிழலே விழாத நாட்கள்தான். மேடு எது, பள்ளம் எது, பிளவு எது என்று பிரித்துக் காட்ட ஒரு கோடுகூட இல்லை. நடந்துகொண்டிருந்த எஸ்ட்ராவன் நின்றுவிடுகிறார். எதற்கும் கலங்காத அந்த மனிதருக்கு அடுத்த அடி வைக்க முடியவில்லை. நடப்பதற்கு வெளிச்சம் மட்டும் போதாது, நிழலும் வேண்டும் என்பது அவர்கள் உடம்புக்கே தெரியவருகிறது.

இது வெறும் கற்பனை என்று நினைக்க வேண்டாம். 1979 நவம்பர் 28 அன்று, நியூஸிலாந்திலிருந்து அண்டார்டிகாவைச் சுற்றிக்காட்டப் போன பயணிகள் விமானம் எரெபஸ் எரிமலையில் மோதி 257 பேரும் இறந்தார்கள். கணினியில் பாதை மாற்றப்பட்டிருந்தது விமானிகளுக்குத் தெரிவிக்கப்படவில்லை. அதோடு, மேகத்தின் வெண்மையும் பனிச்சரிவின் வெண்மையும் ஒன்றாகிப்போனதால், தெளிந்த காற்றிலும் எதிரே நின்ற மலை அவர்கள் கண்ணில் படவில்லை என்றது விசாரணை. அதற்குப் பத்தாண்டு முன்பே, பனியை நேரில் கண்டவர்களின் எழுத்தை மட்டும் நம்பி ஒருவர் அந்தக் குருட்டு வெளிச்சத்தை இவ்வளவு துல்லியமாக எழுதிவைத்திருக்கிறார்.

நாவலின் முற்பகுதியில் அரண்மனை அரசியல் அதிகம். அங்கேயே புத்தகத்தை மூடிவைத்த நண்பர்கள் எனக்கு உண்டு. அவர்களிடம் கெஞ்சிக் கேட்பது ஒன்றுதான்: 15-வது அத்தியாயம் வரை பொறுத்துக்கொள்ளுங்கள். அங்கிருந்து பனி தொடங்குகிறது. 16-வது அத்தியாயம் எஸ்ட்ராவனின் நாட்குறிப்பு, 18-வது கென்லி சொல்வது. இரண்டையும் இடைவெளி விடாமல் ஒரே மூச்சில் படியுங்கள்.