வயது ஏறாத பட்டு

ஸ்ரீவில்லிபுத்தூரிலிருந்து ஒரு தாயார் எழுதியிருக்கிறார். பெண்ணுக்குத் தை மாதம் கல்யாணம். மாப்பிள்ளைக்கு ராஜபாளையம். வரப்போகும் சம்பந்தியம்மாள் எங்கேயோ கேள்விப்பட்டுவிட்டு, வரவேற்பன்று பெண் 'கடல் பட்டு' கட்டிக்கொள்ள வேண்டும் என்கிறாராம். ஆழ்கடலில் விளைவதாம், நூறு வருஷமானாலும் நிறம் மங்காதாம், கட்டிக்கொண்டவளுக்கு வயதே ஏறாதாம், காலம் அவளை விட்டு ஒதுங்கிப் போகுமாம்! புடவையின் விலையைக் கேட்ட இந்த அம்மாளுக்குத்தான் ஒரே நாளில் பத்து வயது ஏறிவிட்டது. "அப்படி ஒரு பட்டு உண்டா? என் வளையல்களை அடகு வைக்கலாமா?" என்று கேட்கிறார்.

(கடிதத்தோடு பால்கோவா வரவில்லை. போகட்டும்.)

வளையல்கள் கையிலேயே இருக்கட்டும், அம்மா. ஆனால் கடல் பட்டு என்பது முழுக்கப் பொய்யும் அல்ல.

மத்தியதரைக் கடலில் 'பின்னா நோபிலிஸ்' என்று ஒரு ராட்சதச் சிப்பி உண்டு. மடித்த விசிறி மாதிரி இருக்கும். சில ஒரு மீட்டருக்கு மேலும் வளரும். கூர்முனையை மணலில் புதைத்துக்கொண்டு நிமிர்ந்து நிற்கும். அலை வந்து சாய்த்துவிடக் கூடாதே என்று, தாடி போல மெல்லிய இழைகளைச் சுரந்து கல்லையும் வேரையும் பற்றிக்கொள்ளும். அந்தத் தாடிதான் கடல் பட்டு! ஆழ்கடல் என்பதெல்லாம் கதை. கடற்புல் வளரும் இடங்களில், அறுபது மீட்டர் ஆழத்துக்குள்தான் அதன் குடித்தனம். இத்தாலியில் டாரன்டோ நகரத்துப் பெண்களும், சார்டினியாத் தீவின் சான்ட் அன்டியோகோ ஊர்ப் பெண்களும் இந்தத் தாடியைக் கழுவி, உலர்த்தி, சீப்பால் சிக்கெடுத்து, எலுமிச்சம் சாற்றில் ஊறவைத்து நூற்றுவந்தார்கள். பழுப்பாக இருந்தது பொன்னாக மின்னும்.

சம்பந்தியம்மாளிடம் இன்னொரு விஷயமும் சொல்லுங்கள். இதற்குப் பட்டு என்று பெயரே தவிர, வேலை என்னவோ அவர் ஊர்ப் பஞ்சாலை வேலைதான். பட்டுப் புழுவின் ஒரு கூட்டிலிருந்து ஏறக்குறைய ஒரு கிலோமீட்டர் நீளத்துக்கு ஒரே இழை வரும். உருவி எடுத்தால் போதும். சிப்பியின் தாடி ஒரு சாணைத் தாண்டாது. ஆகையால் பஞ்சைப்போலச் சிக்கெடுத்து, முறுக்கி, ஒன்றோடொன்று பிணைத்துத்தான் நூலாக்க வேண்டும். 1936-இல் பி. ஏ. சி. ராமசாமி ராஜா ராஜபாளையம் மில்ஸை ஆரம்பித்த நாளிலிருந்து அந்த ஊர் செய்துவரும் காரியம் அதுதானே?

இனி, வயது ஏறாத சங்கதி. இதில் கொஞ்சம் உண்மை ஒளிந்திருக்கிறது. பாரீஸுக்குப் பக்கத்தில் செயின்ட் டெனி என்ற இடத்தில் 1978-இல் ஒரு குல்லாய் கிடைத்தது. கடல் பட்டால் பின்னியது. பதினான்காம் நூற்றாண்டைச் சேர்ந்தது. நம் வீட்டுப் புடவையின் நிறம் வெயிலில் வெளுப்பது ஏன்? சாயத்தை வெளிச்சம் தின்றுவிடுகிறது. கடல் பட்டின் பொன்னிறத்தில் சாயமே கிடையாது. 2025-இல் தென் கொரியாவின் போஹாங் நகர விஞ்ஞானிகள் இதை விளக்கினார்கள். இழைக்குள் நுண்ணிய புரத உருண்டைகள் வரிசையாக அடுக்கப்பட்டிருக்கின்றன. அந்த அடுக்கில் பட்டுத் திரும்பும் ஒளிதான் பொன்னாகத் தெரிகிறது. மயில் தோகையின் நீலம் போலத்தான். சாயம் இல்லாததால் வெளுக்க ஒன்றும் இல்லை. ஆக, காலம் தொடாமல் விடுவது நிறத்தை, கட்டியவளை அல்ல! அவர்கள் பரிசோதித்தது மத்தியதரைச் சிப்பியை அல்ல. கொரியாவில் உணவுக்காக வளர்க்கும் அதன் உறவுக்காரச் சிப்பியின், வேண்டாமென்று எறியும் தாடியை.

ஏன் அந்தச் சுற்று வழி? மூலச் சிப்பி சாகக் கிடக்கிறது. 1992-இல் ஐரோப்பியச் சட்டம் அதைப் பாதுகாப்புப் பட்டியலில் சேர்த்தது. ஆனால் 2016-இல் ஸ்பெயின் கரையோரம் தொடங்கிய ஓர் ஒட்டுண்ணி நோய்க்குச் சட்டம் தெரியவில்லை. கூட்டம் கூட்டமாக மடிந்தன. 2019-இல் அழிவின் விளிம்பில் உள்ள இனம் என்று அறிவித்துவிட்டார்கள். நூற்றாண்டுகள் மங்காத நிறத்தைத் தந்த பிராணி நான்கைந்து வருஷத்தில் காணாமல் போகிறது. நமக்கு இது புது அனுபவம் அல்ல. தூத்துக்குடியில் 1961-க்குப் பிறகு முத்துக்குளிப்பே நடக்கவில்லையே!

ஒரு கணக்கும் போட்டுப் பாருங்கள். ஆயிரம் சிப்பிக்கு 200 முதல் 300 கிராம் நூல் கிடைக்கும் என்று எழுதி வைத்திருக்கிறார்கள். அரைக் கிலோப் புடவைக்கு இரண்டாயிரம் உயிர். அந்தப் புடவையை உங்கள் ஊருக்கு ஒருவர் கொண்டுவந்து விற்கிறார் என்றால் நம்பவா முடிகிறது? கடற்பாசிச் சத்து கலந்த நூலுக்குக்கூடக் கடல் பட்டு என்று பெயர் வைத்து உலகச் சந்தையில் விற்கிறார்கள்.

ஆடிப்பூரத்துக்கு ஸ்ரீரங்கத்திலிருந்து ஆண்டாளுக்கு வருவதே புழு நூற்ற பட்டுதான். அதற்கு மேலான பட்டு நம் வீட்டுக் கல்யாணத்துக்கு எதற்கு என்று நயமாகக் கேட்டுப் பாருங்கள். அப்படியும் பிடிவாதம் தளராவிட்டால், முந்தானைக் குஞ்சத்திலிருந்து ஓர் இழையை எடுத்துக் கொளுத்துங்கள். தலைமுடி கருகும் நாற்றம் வந்தால் பட்டோ கம்பளியோ. அது புழுவினுடையதா சிப்பியினுடையதா என்று நெருப்பு சொல்லாது. காகிதம் போல எரிந்தால் பருத்தி, ரேயான், கடற்பாசி நூல், இவற்றில் ஒன்று. உருகிக் கறுப்பு மணியாக இறுகினால் பாலியெஸ்டர். ஒன்று மட்டும் மறக்க வேண்டாம்: கொளுத்தும்போது சம்பந்தியம்மாளும் பக்கத்தில் இருக்க வேண்டும்.